பொரித்த அலிகேட்டர் ஏன் ரப்பராகிறது? அறிகுறியைப் பார்த்துக் கோளாறைப் பிடிக்கும் வழி

முதல் தடவை நான் வீட்டில் பொரித்த அலிகேட்டரை, அதாவது முதலை இனத்து இறைச்சியை, என் பையன் ரொம்ப நேரம் மென்றான். அப்புறம் மெதுவாக, “அப்பா, இதைத் துப்பிடலாமா?” என்று கேட்டான். இங்கே அமெரிக்காவில், லூசியானா மாநிலத்து பேட்டன் ரூஜில் உணவகத்துக்குப் போனால் கூடையில் போட்டு, பொன்னிறமாக, பல் பட்டதும் விட்டுக்கொடுக்கிற மாதிரி தருகிறார்களே, அதே இறைச்சிதான். என் வாணலியில் மட்டும் செருப்புத் தோலாகியிருந்தது.

எண்ணெய் சரியில்லை என்று அடுத்த தடவை எண்ணெயை மாற்றினேன். அதற்கடுத்த தடவை மாவை மாற்றினேன். பக்கத்து வீட்டுப் பெரியவர் லூசியானாவின் பிரெஞ்சு வம்சாவளிக் கேஜன் ஆள், வேட்டை சீசன் திறந்ததும் சதுப்பு நிலத்துக்குப் படகில் கிளம்பிவிடுகிறவர். ஒருநாள் என் வெட்டுப் பலகையை எட்டிப் பார்த்துவிட்டுச் சிரித்தார். நான் வெட்டி வைத்திருந்த துண்டு ஒன்றை எடுத்தார். ஓரத்தை நகத்தால் கிள்ளி, மஞ்சளாக ஒரு கொழுப்புக் கட்டியைப் பிய்த்தார். அதோடு ஒட்டிக்கொண்டு பாலாடை போல ஒரு சவ்வும் வந்தது. அடுப்பைக் குறை சொல்லாதே, கத்தியைப் பார் என்றார்.

அன்றிலிருந்து எது கெட்டாலும் முதலில் பலகையைத்தான் சந்தேகப்படுகிறேன். கீழே உள்ள கோளாறுகளில் பாதிக்கு மேல் எண்ணெய் சூடாவதற்கு முன்பே நடந்து முடிந்துவிடுகின்றன.

ஒன்றைச் சொல்லிவிட்டு ஆரம்பிக்கிறேன். இது அமெரிக்க அலிகேட்டர் பற்றியது. 1967-இல் அழியும் நிலையில் உள்ள விலங்குகள் பட்டியலில் சேர்த்தார்கள். எண்ணிக்கை பெருகி 1987-இல் மீண்டுவிட்டதாக அறிவித்தார்கள். இப்போது லூசியானா, புளோரிடா போன்ற மாநிலங்களில் அனுமதி பெற்ற வேட்டையும் பண்ணை வளர்ப்பும் உண்டு, இறைச்சி சட்டப்படி கடையில் கிடைக்கிறது. இந்தியாவில் கதை வேறு. அங்கே உள்ள முதலைகள் 1972-ஆம் வருஷத்து வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் இருப்பவை, தொட்டால் சிறை. ஊருக்குப் போகும்போது ருசி காட்டலாமே என்று பெட்டியில் வைத்துக் கொண்டு போகிற யோசனையும் வேண்டாம்.

சரியாக வருகிற அளவு

கோளாறைப் பிடிக்க, சரியானது எப்படி இருக்கும் என்று முதலில் தெரிய வேண்டும். நான் செய்வது இது.

வால் இறைச்சி 1 பவுண்டு, அதாவது ஏறக்குறைய 450 கிராம். கொழுப்பும் சவ்வும் நீக்கி, நாரின் குறுக்கே 2 சென்டிமீட்டர் துண்டுகள். ஒரு கப் பட்டர்மில்க்கில் ஒரு மேசைக்கரண்டி டபாஸ்கோ மாதிரியான மிளகாய் சாஸ் கலந்து, துண்டுகளை அதில் போட்டு ஃப்ரிட்ஜில் 2 மணி நேரம். பிறகு நன்றாக வடித்து, மைதாவும் மக்காச்சோள மாவும் சரிபாதி, மிளகாய்த்தூள், மிளகு, பூண்டுத்தூள், உப்பு சேர்த்த கலவையில் புரட்டி, 10 நிமிஷம் தட்டில் ஆற விடுவது. கடலை எண்ணெய் 175 முதல் 185 டிகிரி செல்சியஸ், பாரன்ஹீட்டில் 350-லிருந்து 365. ஒரு ஈடுக்குப் பத்துப் பன்னிரண்டு துண்டு, இரண்டரை மூன்று நிமிஷம். உள்ளே 74 டிகிரி, பாரன்ஹீட்டில் 165 வந்திருக்க வேண்டும். உடைத்துப் பார்த்தால் சதை வெள்ளையாக, ஈரமாக இருக்கும்.

அமெரிக்கக் கடைப் பட்டர்மில்க் நம் வீட்டு மோர் இல்லை. கெட்டியானது, புளித்தது. இல்லையென்றால் புளித்த தயிரில் கொஞ்சம் தண்ணீர் விட்டு, தோசை மாவுப் பதத்துக்கு அடித்துக்கொள்ளுங்கள். நீர்மோர் வேலைக்கு ஆகாது.

துண்டு ரப்பர் மாதிரி இழுக்கிறது

இதுதான் எல்லோரும் சொல்லும் புகார். ஆனால் ‘கடினம்’ என்ற ஒரே சொல்லுக்குள் மூன்று வேறு வேறு கோளாறுகள் இருக்கின்றன, மூன்றுக்கும் மருந்து வேறு. ஆகவே கடிப்பதை நிறுத்திவிட்டு, ஒரு துண்டைக் கையால் பிய்த்து வெளிச்சத்தில் பாருங்கள்.

சதை எளிதாகப் பிரிகிறது, ஆனால் ஓரத்திலோ நடுவிலோ வெள்ளையாக ஒரு பட்டை மட்டும் பிரியாமல் நிற்கிறதா? துண்டு பொரியும்போதே இறால் மாதிரி சுருண்டதா? அது சவ்வு. சூடு பட்டதும் சவ்வு சதையைவிட வேகமாகச் சுருங்கி, துண்டையே வளைத்துவிடும். மூன்று நிமிஷப் பொரிப்பில் அது கரையாது, முப்பது நிமிஷம் பொரித்தாலும் கரையாது. வெட்டும்போதே எடுத்தால்தான் உண்டு.

எடுப்பதற்கு ஒரு கைப்பழக்கம் வேண்டும். உறைந்த இறைச்சி பாதி உருகிய நிலையில், விரலால் அழுத்தினால் லேசாக அமுங்குகிற கட்டத்தில், வெட்டத் தொடங்குங்கள். முழுதாக உருகினால் கத்திக்கு வழுக்கும். சவ்வின் ஒரு முனையில் கத்தி நுனியை நுழைத்து, ஒரு விரல் பிடிக்குமளவு கிளப்புங்கள். அந்த முனையைக் காகிதத் துண்டால் பிடித்துக்கொண்டால் கை நழுவாது. கத்தியின் கூரான பக்கத்தைச் சற்று மேல்நோக்கி, சவ்வின் பக்கமாகச் சாய்த்து, சவ்வை இழுத்தபடியே கத்தியை நகர்த்துங்கள். கத்தி சதைப் பக்கம் சாய்ந்தால் சதைதான் குறையும். ஆட்டுத் தொடையில் சவ்வு எடுத்துப் பழகியவர்களுக்கு இது இரண்டாவது துண்டிலேயே வந்துவிடும். ஒரு பவுண்டுக்கு எனக்கு இருபது நிமிஷம் ஆகிறது. அலுப்பான வேலைதான், குறுக்கு வழி கிடையாது.

அடுத்தது, பட்டை எதுவும் இல்லை, சதை முழுக்க ஒரே சீராக இறுகி, உலர்ந்து, நார் நாராக வருகிறதா? அதிகம் பொரித்துவிட்டீர்கள். வால் சதைக்குள் கொழுப்பு மிகக் குறைவு. கோழி நெஞ்சுக்கறி மாதிரி, வெந்த கணத்துக்கும் வறண்ட கணத்துக்கும் நடுவில் அரை நிமிஷம்தான் இருக்கும். நம் வீடுகளில் இந்தத் தவறு வருவதற்குத் தனிக் காரணம் உண்டு: சிக்கன் 65 பொரித்த கண். அந்தச் சிவப்பு வரும்வரை காத்திருக்கிறோம். மக்காச்சோள மாவுப் பூச்சு இளம் பொன்னிறத்தைத் தாண்டியதுமே அலிகேட்டர் தயார். கண்ணைவிடக் காதை நம்பலாம். போட்டதும் சடசடவென்று கேட்கும் சத்தம் தணியத் தொடங்கும்போதே எடுத்துவிடுங்கள், முழுதாக அடங்கும்வரை நிற்க வேண்டாம். ஐயம் இருந்தால் முதல் ஈட்டில் ஒரே ஒரு துண்டைப் போட்டு, எடுத்து, நடுவில் வெப்பமானியைக் குத்திப் பார்த்து உங்கள் நேரத்தை முடிவு செய்துகொள்ளுங்கள்.

இப்படி உலர்ந்து போனதை மீட்க முடியாது. பொடியாகக் கொத்தி, வெங்காயம், முட்டை போட்டுக் கொத்து பரோட்டாவில் கலந்துவிடுவேன். யாரும் குறை சொன்னதில்லை.

மூன்றாவது, சதை வெள்ளையாக இல்லாமல் பழுப்புச் சிவப்பாக, நார் தடித்து இருக்கிறதா? அது வால் அல்ல, காலோ உடம்புப் பகுதியோ. உறைந்த பாக்கெட்டில் ‘அலிகேட்டர் இறைச்சி’ என்று மட்டும் எழுதி, எந்தப் பகுதி என்று சொல்லாமல் விற்பதை வாங்கினால் இப்படி நடக்கும். நான் மாட்டிக்கொண்டது அப்படி ஒன்றில்தான், விலை குறைவாக இருக்கிறதே என்று. வால் என்று தெளிவாகப் போட்டிருக்க வேண்டும். கன்னச் சதையும் மென்மையாக இருக்கும், கிடைத்தால் விடாதீர்கள்.

கால் இறைச்சி மோசமான இறைச்சி இல்லை, பொரிக்கிற இறைச்சி இல்லை, அவ்வளவுதான். லூசியானாவில் அதைத் தக்காளி, வெங்காயம், குடைமிளகாய், செலரி போட்டு ‘சாஸ் பிகான்ட்’ என்று காரமான குழம்பாக மணிக்கணக்கில் கொதிக்க விடுவார்கள். ஏற்கெனவே பொரித்துவிட்ட கால் துண்டுகளையும், சவ்வோடு பொரிந்துவிட்ட துண்டுகளையும் அப்படி ஒரு குழம்பில் போட்டு ஒரு மணி நேரம் சிறு தீயில் விட்டால் இளகிவிடும். குக்கரில் மிளகுக் குழம்பு வைத்தாலும் அதே வேலை நடக்கும்.

பப்பாளிக்காய் அரைத்துப் பூசலாமா என்று கேட்பார்கள். பூசலாம், ஒரு பவுண்டுக்கு ஒரு தேக்கரண்டி, இருபது நிமிஷம். ராத்திரி முழுக்க ஊற வைத்தால் மேற்புறம் கூழாகி, வாயில் வைத்தால் மாவு மாதிரி அப்பும். எலுமிச்சைச் சாற்றில் அதிக நேரம் ஊறினாலும் இதே கதி. துண்டு மாவாக இருக்கிறது என்பவர்கள் எண்ணெயை ஆராய வேண்டாம், ஊறிய நேரத்தைக் கணக்கிடுங்கள். அந்த இருபது நிமிஷத்தில் சவ்வைப் பப்பாளி பெரிதாக ஒன்றும் செய்துவிடாது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

கவிச்சி அடிக்கிறது

சேற்று வாடை, குளத்து மீன் வாடை, பழைய எண்ணெய் வாடை என்று ஆளுக்கொரு பெயர் சொல்வார்கள். நல்ல வால் சதைக்கு வாடை மிகக் குறைவு. கோழிக்கும் விரால் மீனுக்கும் நடுவில் எங்கோ நிற்கிற மெல்லிய ருசி அது. பலமாக அடித்தால் குற்றவாளி கொழுப்பு. ஆட்டுக் கொழுப்பு குழம்புக்கு மணம் தரும், கோழித் தோல் பொரியலுக்குச் சுவை தரும், அதனால் கொழுப்பை விட்டுவைக்கிற கை நமக்கு. இங்கே அதை மறந்துவிட வேண்டும். மஞ்சளாகவோ வெண்மையாகவோ கண்ணில் படுகிற எல்லாக் கொழுப்பையும் சுரண்டி எடுங்கள். தசைக் கட்டுகளுக்கு இடையில் ஒளிந்திருக்கும் மெல்லிய படலத்தையும்.

இரண்டாவது காரணம் உருகிய நீர். பாக்கெட்டோடு மேடையில் வைத்து உருக்கி, அந்தச் சிவந்த நீரிலேயே இறைச்சி மிதந்துகொண்டிருந்தால் வாடை ஏறும். முந்தின நாளே ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் தட்டின் மேல் வைத்து உருக்கி, நீரைக் கொட்டிவிட்டுக் காகிதத்தால் ஒற்றி எடுங்கள். அப்புறம்தான் பட்டர்மில்க்.

மஞ்சள்தூள் போட்டு மூன்று தண்ணீர் கழுவினால்தான் எனக்கு இறைச்சி என்றே தோன்றும், அம்மா வளர்த்த விதம் அப்படி. ஆனால் அலிகேட்டரிலும் சால்மொனெல்லா கிருமி இருக்கலாம். குழாயைத் திறந்துவிட்டுக் கழுவினால் அது தொட்டி முழுக்கத் தெறிக்கும். மனசு கேட்கவில்லை என்றால் ஆழமான பாத்திரத்தில் மெதுவாக ஒரே ஒரு தண்ணீர், பிறகு தொட்டியைச் சோப்புப் போட்டுத் தேய்ப்பது. கழுவுவதால் கவிச்சி குறைந்ததாக நான் பார்த்ததில்லை.

அமோனியா மாதிரி மூக்கில் ஏறுகிறது, அல்லது தொட்டால் கொழகொழவென்று நூல் விடுகிறது என்றால் அது கவிச்சி அல்ல, கெட்டுப்போனது. மசாலாவில் மறைக்கப் பார்க்காமல் தூக்கிப் போடுங்கள்.

வாடை மீன் மாதிரி இருக்கிறது என்பவர்களுக்கு ஒரு ஆறுதல். 2010-இல் நியூ ஆர்லியன்ஸ் பேராயர் கிரெகரி ஏமண்ட், அலிகேட்டர் மீன் வகையில்தான் சேரும், கத்தோலிக்கர் இறைச்சியைத் தவிர்க்கிற தவக்கால வெள்ளிக்கிழமைகளிலும் சாப்பிடலாம் என்று எழுத்திலேயே பதில் தந்துவிட்டார். ஆனால் மீன் ஒவ்வாமை உள்ளவர்கள் இதை வேடிக்கையாக எடுத்துக்கொள்ளக் கூடாது. அவர்களில் சிலருக்கு முதலை இறைச்சியும் ஒத்துக்கொள்வதில்லை. விருந்துக்கு வருகிறவர்களிடம் முன்பே கேட்டுவிடுவது நல்லது.

பூச்சு கழன்று எண்ணெயில் மிதக்கிறது

துண்டு அம்மணமாகவும் மாவு தனியாகவும் வந்தால், மூன்று கேள்வி. பட்டர்மில்க்கிலிருந்து எடுத்து வடித்தீர்களா, சொட்டச் சொட்ட மாவில் போட்டீர்களா? புரட்டிய பிறகு பத்து நிமிஷம் விட்டீர்களா? எண்ணெயில் போட்டதும் ஜல்லிக்கரண்டியால் கிளறினீர்களா? மூன்றாவதைத்தான் நான் விடாமல் செய்துகொண்டிருந்தேன். முதல் முக்கால் நிமிஷம் கையைக் கட்டிக்கொண்டு நிற்க வேண்டும், அதற்குள் பூச்சு இறுகிவிடும். பிறகு திருப்பலாம்.

பட்டர்மில்க்குக்குப் பதிலாகச் சாதாரண மஞ்சள் கடுகு விழுதை, ஹாட் டாகுக்குத் தடவுவதுதான், மெல்லியதாகப் பூசி மாவில் புரட்டுவதும் இங்கே வழக்கம். அது பசை மாதிரி பிடிக்கும், பொரிந்ததும் கடுகு ருசி பெரிதாகத் தெரியாது. பூச்சுத் தொல்லை தீராதவர்கள் இதற்கு மாறிப் பாருங்கள்.

பூச்சு வெள்ளையாக, கண்ணாடி மாதிரி இருக்கிறது

சோள மாவில் ஏமாந்துவிட்டீர்கள். நம் கடையில் ‘கார்ன்ஃப்ளார்’ என்று விற்கிற வழவழப்பான வெள்ளை மாவு ஸ்டார்ச், மஞ்சூரியனுக்குப் போடுவது. இதற்கு வேண்டியது மஞ்சளாக, தேய்த்தால் மெல்லிய ரவை போல நறநறக்கிற மக்காச்சோள மாவு. அமெரிக்கக் கடையில் ‘கார்ன்மீல்’, அதிலும் பொடி ரகம். இந்தியக் கடையில் ரொட்டிக்கு விற்கிற மக்கி ஆட்டாவும் நன்றாகவே வரும். பருவெட்டு ரகத்தை வாங்கினால் பல்லில் மணல் மாதிரி மாட்டும்.

வெளியே கருகல், உள்ளே பச்சை

எண்ணெய் அதிகச் சூடு, அல்லது துண்டு பெரிது, பெரும்பாலும் இரண்டுமே. ஒரே ஈட்டில் சின்னதும் பெரிதுமாக இருந்தால் சின்னது வறளும், பெரிது வேகாது. வெட்டும்போதே ஒரே அளவாக்குங்கள். உள்ளே பச்சையாக இருப்பவற்றை மறுபடி எண்ணெயில் போடாமல், 180 டிகிரி அவனில் நாலைந்து நிமிஷம் வைத்து 74 டிகிரி வந்துவிட்டதா என்று பாருங்கள். மாவில் சர்க்கரை சேர்த்திருந்தாலும், ஊறலில் தேன் ஊற்றியிருந்தாலும் சீக்கிரம் கருகும்.

எண்ணெய் குடித்துச் சொதசொதவென்று இருக்கிறது

சூடு போதவில்லை. அடுப்பில் தீயைக் கூட்டுவதற்கு முன்னால் யோசியுங்கள்: ஆரம்பத்தில் சரியாக இருந்த சூடு துண்டுகளைப் போட்டதும் விழுந்ததா? குளிர்ந்த துண்டு இருபதை ஒரேயடியாகக் கொட்டினால் 180-இல் இருந்த எண்ணெய் வேகமாக இறங்கிவிடும். பூச்சு இறுகாமல் எண்ணெயை உறிஞ்சும். ஈட்டைப் பாதியாக்குங்கள், அடிகனமான இரும்பு வாணலி வையுங்கள், அடுத்த ஈடு போடுமுன் சூடு திரும்ப ஏறட்டும். வெப்பமானி இல்லாவிட்டால் வடைக்குப் பார்க்கிற அதே சோதனைதான். ஒரு சிட்டிகை ஈரமாவு கிள்ளிப் போட்டால் அடியில் தங்காமல் உடனே நுரைத்து மேலே வர வேண்டும்.

பொரித்ததைக் காகிதத்தின் மேல் குவிப்பதும் சொதசொதப்புக்குக் காரணம். கீழே உள்ள துண்டுகள் தங்கள் ஆவியிலேயே நனைந்துவிடும். கம்பி வலைத் தட்டில் பரப்பி, கீழே காகிதம் போடுங்கள். தொட்டுக்கொள்ளும் ரெமுலாட் சாஸை (மயோனைஸில் காரம் சேர்த்தது) தனிக் கிண்ணத்தில் வையுங்கள், மேலே ஊற்றாதீர்கள்.

எண்ணெய் தெறிக்கிறது, பொங்குகிறது

பனிக்கட்டி. துண்டின் நடுவில் இன்னும் உறைந்திருக்கிறது. அடுப்பை அணைத்து, தள்ளி நில்லுங்கள். வாணலியில் மேலே கால் பாகமாவது காலி இருக்க வேண்டும், எப்போதுமே. தீப் பிடித்துவிட்டால் தண்ணீர் ஊற்றவே கூடாது. அடுப்பை அணைத்து, கனமான மூடியால் மூடுங்கள், ஆறும்வரை திறக்காதீர்கள். இங்கே பலரும் கொல்லைப்புறத்தில் புரோபேன் அடுப்பு வைத்துத்தான் பொரிக்கிறார்கள், எங்கள் வீட்டிலும் இப்போது அப்படித்தான். புகை எச்சரிக்கை மணியின் தொல்லையும் இல்லை.

உப்புக் கரிக்கிறது

கிரியோல் மசாலா, அதாவது லூசியானாப் பாணி மசாலாப் பொடி, டப்பாவின் மூலப்பொருள் பட்டியலைப் படியுங்கள், முதலில் இருப்பது பெரும்பாலும் உப்பு. கடைப் ‘ஃபிஷ் ஃப்ரை’ மாவில் ஏற்கெனவே உப்பு இருக்கலாம். அதற்கு மேல் கை மறக்காமல் நீங்களும் போட்டிருப்பீர்கள். ஏதாவது ஒன்றில் மட்டும் உப்பு இருக்கட்டும். முன்பே மசாலா தடவிய பாக்கெட் இறைச்சி வாங்கினால் எதிலுமே வேண்டாம்.

மறுநாள் கல்லாகிவிட்டது

மைக்ரோவேவில் வைத்திருப்பீர்கள். 190 டிகிரியில் ஏர் ஃப்ரையரில் மூன்று நாலு நிமிஷம், அவ்வளவுதான். பொரித்தது வெளியே இரண்டு மணி நேரத்துக்கு மேல் கிடந்திருந்தால் அதைச் சூடுபடுத்தும் பேச்சே வேண்டாம். எங்கள் வீட்டில் மறுநாளுக்கு மிஞ்சுவதில்லை, முதல் வருஷத்தைத் தவிர. அப்போது மிஞ்சியதைப் பையன் தொடவே இல்லை.